மூன்று தசம் ஏழு ஒன்பது

கணக்குச் சரியாக இருந்தால் ஒருவரும் ஒன்றும் சொல்ல முடியாது என்று யாராவது சொன்னால் எனக்கு இன்றைக்கும் பற்றிக்கொண்டு வரும். சரியாக வந்த ஒரு கணக்கினால் நான் பட்டதை அவர்களும் ஒருக்கால் பட்டுப் பார்க்க வேண்டும்.

அந்த ஆண்டு மன்னார் நகரத்தில் கணித ரியூசன் வகுப்பு ஒன்று தொடங்க இருந்தது. எங்கள் கரையிலிருந்து அவ்வளவு தூரம் போக வீட்டில் இருந்தது ஒரேயொரு சைக்கிள். அண்ணன் என்னைவிட ஒரு வயது மூத்தவன். இருவருக்கும் ஆசை. "பெருநாள் முடியட்டும், ஆர் போறதெண்டு பாப்பம்" என்று அப்பா சொல்லிவிட்டார். அன்றோடு என் நித்திரை போயிற்று. சும்மாவே நான் அடுப்பை அணைத்தேனா, கோழிக்கூட்டைச் சாத்தினேனா என்று எழும்பி எழும்பிப் பார்க்கிற பிறவி.

பெருநாளில் மாதா சுரூபத்தோடு சுற்றுப்பிரகாரம் வரும்போது எங்கள் ஒழுங்கை முகப்பில் சற்று நிற்கும். அங்கே பந்தல் போடும் முறை அந்த ஆண்டு எங்கள் வீட்டுக்கு. கொழும்பிலிருந்த சித்தப்பா, நாலு கம்பில் கூரையாகக் கட்ட வெள்ளைப் படங்கு ஒன்று வாங்கியிருப்பதாகவும் பெருநாளன்று காலை பஸ்ஸில் கொண்டுவருவதாகவும் போனில் சொன்னார். நல்ல சதுரமாம். உறையில் பதினாலு தசம் நாலு சதுர மீற்றர் என்று மட்டும் போட்டிருக்கிறதாம். "பிரிச்சு அளந்து சொல்லுங்கோவன்" என்று அம்மா கேட்டதற்கு, பிரித்தால் பிறகு மடிக்க வராது என்று போனை வைத்துவிட்டார்.

அது சோழகக் காற்றுக் காலம். மணலில் சும்மா ஊன்றிய கம்பு நிற்காது. கொங்கிறீற் போட வேண்டும், அது இறுகவும் நாள் வேண்டும். ஆகவே படங்கு வருமுன்பே அதன் ஒரு பக்கம் எத்தனை மீற்றர் என்று தெரிந்தாக வேண்டும். அப்பா எங்களைக் கூப்பிட்டார். "வர்க்கமூலம் எண்டு ஏதோ படிக்கிறியளெல்லோ, எடுங்கோ பாப்பம்."

சைக்கிள் யாருக்கு என்ற தீர்ப்பு இதுதான் என்று நான் நினைத்துக்கொண்டேன்.

தசமப் புள்ளியிலிருந்து இலக்கங்களை இரண்டிரண்டாகப் பிரிக்க வேண்டும். இந்தப் பக்கம் பதினாலு. அந்தப் பக்கம் நாலு தனியே நிற்கிறது; அதற்குச் சோடியாக ஒரு பூச்சியம் போட்டே ஆக வேண்டும். பதினாலுக்குள் மும்மூன்று ஒன்பது, மீதி ஐந்து. நாற்பதை இறக்கினால் ஐந்நூற்று நாற்பது. மூன்றின் இரட்டிப்பு ஆறு. அதன் பக்கத்தில் ஏழைப் போட்டு, அறுபத்தேழை ஏழால் பெருக்கினால் நானூற்று அறுபத்தொன்பது. அடங்கும். இன்னும் இரண்டு பூச்சியம் இறக்க ஒன்பது வந்தது. மூன்று தசம் ஏழு ஒன்பது.

அண்ணன் பூச்சியத்தை விட்டுவிட்டான். தனி நாலை இறக்கி ஐம்பத்துநாலு என்றான். அறுபத்தொன்றுகூட அதற்குள் போகாதே! விடையில் ஒரு பூச்சியத்தைப் போட்டு, மீதியைக் கையால் மறைத்துக்கொண்டு, "மூண்டு, அப்பா. சரியா மூண்டு" என்றான்.

எனக்கோ மீதி முடியவில்லையே என்ற பயம். வகுத்துக்கொண்டே இருந்தேன்.

"உனக்கென்ன பிள்ளை வந்தது?"

"மூண்டு தசம் ஏழு ஒன்பது நாலு... இன்னும் போகுது அப்பா."

"முடியாத கணக்கை வைச்சு நான் எங்கை கிடங்கு வெட்டுறது? கடலுக்கையோ?"

"மூண்டை மூண்டாலை பெருக்கினா ஒன்பதுதானே" என்று கத்தினேன்.

"போடி, இது தசமக் கணக்கு" என்றான் அண்ணன்.

அப்பாவின் பொத்தான் போனில் வர்க்கமூலம் இல்லாவிட்டாலும் பெருக்கல் இருந்தது. ஒரு விரலால் தட்டிப் பார்த்திருக்கலாம். பார்க்கவில்லை. மூன்று மீற்றருக்கு மூன்று மீற்றர், நாலு கிடங்கு வெட்டிக் கம்புகளை இறுக்கினார்.

பெருநாளன்று படங்கு தொங்கியது, பிள்ளைத்தாய்ச்சியின் வயிறு மாதிரி. மிஞ்சியதைச் சுருட்டிக் கட்டினார்கள். சுற்றுப்பிரகாரம் ஒழுங்கைக்குள் திரும்புகிற நேரம் பார்த்துச் சோழகம் அதை அவிழ்த்தது. படங்கு பாய்போலப் புடைத்து அடித்ததில் மெழுகுதிரிகளும் பூச்சாடிகளும் மண்ணில். சுரூபத்தைத் தோளில் வைத்திருந்தவர்கள் நில்லாமலே கடந்துபோனார்கள். அம்மா எல்லோருக்கும் கேட்கத் திட்டினாள். அண்ணனை அல்ல. "கணக்குப் போட்ட அண்டே பிழைக்கும் பிழைக்கும் எண்டு நிண்டவள். உன்ரை கரிநாக்குத்தானடி!"

மறுநாள் அப்பா நாடா பிடித்துப் படங்கை அளந்தார். மூன்று தசம் எட்டுக்கு ஒரு விரல் குறைவு. "நீ சொன்னதுதான் சரி, பிள்ளை" என்றார். வயிற்றுக்குள் பால் வார்த்தது போலிருந்தது. இனிச் சைக்கிள் எனக்குத்தான்.

திங்கட்கிழமை அண்ணன் போனான்.

"உனக்குத்தான் கணக்கு வருதே. வராதவன்தானே போகோணும்" என்றார் அப்பா, மிக நியாயமாக. நாடாவைத் தூக்கிக் கிணற்றுக்குள் எறிந்தேன். அதற்கு அடி விழுந்தது. அடுத்த ஆண்டு நான் பள்ளிக்கூடத்தை விட்டு கரையோர மீன்வாடியில் கருவாடு தரம் பிரிக்கப் போனேன். அங்கே ஒருவரும் என்னிடம் வர்க்கமூலம் கேட்கவில்லை.

ஒன்றை மட்டும் பிந்தித்தான் யோசித்தேன். சித்தப்பா போன் எடுப்பதற்குப் பல நாள் முன்னரே அப்பா அந்தச் சைக்கிளின் சீற்றைக் கழற்றி உயர்த்திப் பூட்டினார். சைக்கிளைச் சாயாமல் பிடித்துக்கொண்டு நின்றது நான்தான். பூட்டி முடிந்ததும் ஏறிப் பார்த்தேன். கால் மிதிகட்டைக்கு எட்டவில்லை. அண்ணன் ஏறினான், அளவாக இருந்தது.

வகுப்பு தொடங்குமுன் வளர்ந்துவிடுவேன் என்று நினைத்தேன்.