அவளுக்கு மட்டும் ரகசியம்

இரண்டாயிரங்களின் நடுவில் திருப்பூரில் ஒரு பனியன் ஏற்றுமதி கம்பெனியின் ஆபீசில் வேலை பார்த்தேன். இங்கிலீஷ் படிக்கத் தெரிந்த பெண் என்பதால், எங்களிடம் சரக்கு வாங்கும் வெளிநாட்டு பையர்கள் அனுப்பும் விதிமுறைகளைத் தமிழில் எழுதிச் சுவரில் ஒட்டும் பொறுப்பு எனக்கு. அவற்றை யாரும் படித்ததில்லை. விதிப்படி நடக்கிறதா என்று பையர் சார்பில் ஆடிட்டுக்கு வருகிறவர்கள் போட்டோ எடுத்துக்கொள்வார்கள், அதற்காக ஒட்டியது.

ஒரு வருடம் அந்த விதிமுறைகளில் புதிதாக ஒரு பக்கம் சேர்ந்திருந்தது. தொழிலாளியின் உடல்நலத் தகவலை ரகசியமாகக் காக்க வேண்டும். எதெல்லாம் அப்படிப்பட்ட தகவல் என்றும் விளக்கியிருந்தார்கள். ரத்தப் பரிசோதனை, எக்ஸ்ரே, சாப்பிடும் மாத்திரை, கர்ப்பம், டாக்டரிடம் சொன்ன பேச்சு என்று எதுவானாலும், இன்னாருடையது என்று தெரிகிற மாதிரி இருந்தால் அது காக்கப்பட வேண்டியது. மொழிபெயர்த்து மேனேஜர் மேசையில் வைத்தேன். அவர் முதலாளிக்குச் சொந்தக்காரர். மெதுவாகப் படித்தார். படித்து முடித்துவிட்டு, "ஒரு பீரோ வாங்கிப் போட்டரலாம் கண்ணு" என்றார்.

அவர் அறிவுக்குத் தகவல் என்றால் காகிதம். காகிதத்தைப் பூட்டிவிட்டால் தகவலைப் பூட்டியாயிற்று. வாயால் சொல்வதெல்லாம் அந்தக் கணக்கில் வராது. பச்சை நிறத்தில் ஒரு பீரோ வந்தது. கதவில் 'ரகசியம்' என்று ஒட்டச் சொன்னார். ஒட்டினேன்.

அடுத்த மாதம் மெடிக்கல் கேம்ப் நடந்தது. ஒரு தனியார் ஆஸ்பத்திரி வேன் வந்து எல்லோருக்கும் ரத்தம் எடுத்தது, நெஞ்சுக்கு எக்ஸ்ரே எடுத்தது. இரண்டு வாரம் கழித்து முடிவுகள், எக்ஸ்ரே படத்தோடு ஆளுக்கொரு கவரில் வந்தன. டீ நேரத்தில் தையல் பிரிவின் நடுவில் நின்றுகொண்டு, புரொடக்சன் டார்கெட் சொல்லும் மைக்கிலேயே மேனேஜர் ஒவ்வொருவர் ரிப்போர்ட்டாக வாசித்தார். இன்னாருக்கு ரத்தம் கம்மி, இன்னாருக்குச் சர்க்கரை. ஒரு பெயரைச் சொல்லி, "டி.பி. சந்தேகம்" என்றார். வாசித்து முடித்ததும் காகிதங்களை ஓரம் மடங்காமல் அவரவர் கவரில் போட்டு அடுக்கி, பீரோவில் வைத்துப் பூட்டி, பூட்டை இரண்டு தரம் இழுத்துப் பார்த்தார்.

அந்தப் பெயருக்குரியவள் தேனிப் பக்கத்திலிருந்து வந்து ஓவர்லாக் மெசினில் உட்கார்ந்திருந்தவள். முப்பத்தைந்து வயது இருக்கும். இரண்டு மாதமாக இருமிக்கொண்டிருந்தாள். பஞ்சுத் தூசியால் என்று அவளும் நினைத்தாள், நாங்களும் நினைத்தோம். அன்று மத்தியானம் பக்கத்து மெசின்காரிகள் இருவரும் இடம் மாற்றிக் கேட்டார்கள். சாயங்காலம் கம்பெனி வேனில் அவள் பக்கத்து சீட் காலியாக இருக்க, நான்கு பேர் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றே போனார்கள். மறுநாள் காலை சூப்பர்வைசர் அவளைக் கேட்டிலேயே நிறுத்தி, "நல்லாயிட்டு வாங்கக்கா, பொறவு பாத்துக்கலாமுங்க" என்றார். எங்கள் பக்கத்தில் ஒரு ஆளைத் துரத்துவதென்றாலும் 'ங்க' போட்டுத்தான் துரத்துவோம்.

நான்கு நாள் கழித்து ஆபீசுக்கு வந்தாள். துப்பட்டாவால் வாயை மூடியிருந்தாள். கவர்ன்மென்ட் ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே மெசின் ரிப்பேராம். கேம்ப்பில் எடுத்த படத்தைக் கொண்டுவந்தால் மாத்திரை ஆரம்பிக்கலாம் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார்.

மேனேஜர் நிமிரவில்லை. "அது ரகசிய ரெக்கார்டுங்க. வெளிய குடுக்கக் கூடாதுன்னு பையர் ரூல்ஸ்."

"என் நெஞ்சைத்தான சார் படம் எடுத்தாக?"

"அதனாலதானுங்க ரகசியம்."

"நீங்க மைக்குல சொன்னப்ப ரகசியம் இல்லியா சார்?"

"அது உங்க நல்லதுக்குச் சொன்னதுங்க" என்றார். அந்த மனிதர் அதை நம்பித்தான் சொன்னார். அதுதான் எனக்கு இன்றும் ஆறவில்லை.

அவள் வெளியே வேப்பமரத்தடியில் போய் உட்கார்ந்தாள். மேனேஜர் சாப்பிடக் கிளம்பியதும் அவர் டிராயரில் இருந்த சாவியை எடுத்துப் பீரோவைத் திறந்தேன். அவள் கவரிலிருந்து எக்ஸ்ரேயையும் ரிப்போர்ட்டையும் உருவிக்கொண்டு போய்க் கொடுத்தேன். "உங்களுக்கு வம்பு வராதா தங்கச்சி?" என்றாள். வராது என்றேன். இதை வீரம் என்று யாரும் நினைக்க வேண்டாம். மைக்கில் அவர் வாசித்தபோது பக்கத்தில் நின்று, ஒவ்வொரு தாளாக அவர் கையில் எடுத்துக் கொடுத்தவள் நான்தான். எந்தத் தகவல் ரகசியம் என்று அந்தக் கட்டடத்தில் படித்துப் புரிந்துகொண்டிருந்தவளும் நான் ஒருத்திதான்.

அடுத்த மாதம் ஆடிட்டர் அம்மா பெங்களூரிலிருந்து வந்தார். மேனேஜர் பீரோவைத் திறந்து காட்டும்போது முகத்தில் அவ்வளவு பெருமை. ஆடிட்டர் கவர்களைப் புரட்டிக்கொண்டே வந்து, "இது மட்டும் ஏன் காலி?" என்று கேட்டார். மேனேஜர் என்னைப் பார்த்தார்.

"அவங்க ரிப்போர்ட்டை அவங்களே வாங்கிட்டுப் போயிட்டாங்க மேடம்" என்றேன்.

"குட். நோயாளி கேட்டால் கொடுக்கத்தான் வேண்டும்" என்று சொல்லி ஆடிட்டர் ஏதோ எழுதிக்கொண்டார்.

மேனேஜர் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. "கேட்டவுடனே குடுத்தர்றதுதானுங்க நம்ம பழக்கம்" என்றார். அந்த வருடம் உடல்நலத் தகவல் பாதுகாப்பில் எங்கள் கம்பெனிக்குக் குறையே இல்லை என்று சான்று வந்தது. முதலாளி எல்லோருக்கும் ஜிலேபி கொடுத்தார். நானும் தின்றேன்.

முக்கால் வருடம் போனபின் பழைய பஸ் ஸ்டாண்டில் அவளைப் பார்த்தேன். கன்னம் கொஞ்சம் சதை போட்டிருந்தது. ஆறு மாதம் ஒரு வேளை விடாமல் மாத்திரை சாப்பிட்டாளாம், குணமாகிவிட்டது என்று டாக்டர் சொல்லிவிட்டாராம். அவிநாசி ரோட்டில் வேறு கம்பெனியில் சேர்ந்திருந்தாள். அங்கே எப்படி என்று கேட்டேன்.

"நல்லாத்தான் இருக்கு தங்கச்சி. போன வாரம் மெடிக்கல் கேம்ப்பு வச்சாக. நான் லீவு போட்டுட்டேன்" என்றாள்.