மூன்று துவி வெளிச்சம்

மாலை நான்கு ஐம்பதுக்கு எங்கள் வாசல் பல்பைக் காணவில்லை. எரியாமல் இருந்திருந்தால் பதறியிருக்க மாட்டேன். ஹோல்டரே காலியாக இருந்தது. கரண்ட் போனாலும் தானே எரியும், கழற்றி அடியைத் தொட்டாலும் எரியும் சார்ஜிங் பல்பு அது. நான் ஆபீஸிலிருந்து மின்னி பே வீட்டுக்கு வந்து இறங்குவதற்குள் மகன் அதைப் போட்டுவைத்திருப்பான். எங்கள் தீவில் டிசம்பரில் ஐந்து மணிக்கெல்லாம் வாசலில் நிற்பவர் முகம் மங்கிவிடும். அன்று கதவு வெறுமனே சாத்தியிருந்தது. உள்ளே அவனும் இல்லை.

மேஜைமேல் அவன் போனை விட்டுவிட்டுப் போயிருந்தான். கடைசியாக வந்திருந்த குரல்பதிவைத் தட்டினேன். கரகரத்த ஆண் குரல். "கப்பல் அஞ்சு மணிக்கு வந்துரும். மூணு துவி எடுத்துக்கிட்டு ஜெட்டிக்கு வா. யாருகிட்டயும் சொல்லிறாத."

துவி என்ற சொல்லை நான் அதற்கு முன்பே கேட்டிருந்தேன். கதை எழுதும் பிள்ளைகளுக்கென்று போனில் ஒரு குழு இருந்தது. அதில் பழக்கமான ஒருவனோடு சேர்ந்து என் மகன் ஒரு நாட்டைக் கட்டிக்கொண்டிருந்தான். அந்த நாட்டில் சூரியன் சீக்கிரம் போய்விடும். மந்திரவாதிகள் வெளிச்சத்தைக் கடனாகக் கொடுப்பார்கள். வெளிச்சத்தின் அளவு துவி. எதிரே வருகிறவர் தெரிந்தவரா தெரியாதவரா என்று சொல்லப் போதுமான வெளிச்சம்தான் ஒரு துவி. அதற்குக் குறைந்தால் ஆள் வருவது தெரியும், யாரென்று தெரியாது. அப்போது வருகிறவர்தான் முதலில் பேச வேண்டும் என்பது அந்த நாட்டுச் சட்டம். இதைக் கண்டுபிடித்தவன் கச்சால் தீவில் இருப்பதாக மகன் சொன்னான். அவனுக்கு அளவைக்காரன் என்று பட்டம்.

எனக்கு ஒன்றும் சரியாகப் படவில்லை. பதின்மூன்று வயதுப் பையனிடம் பேசுகிற குரலா அது? கச்சாலில் சிக்னல் கிடைக்கும்போது பத்துப் பதிவுகள் மொத்தமாக வந்து விழும். "இன்னிக்கு ரெண்டு துவி தேவைப்பட்டுச்சு", "ரெண்டும் பத்தல". பொடியா, மாத்திரையா, எதற்கு வைத்த பெயர் இது? மாயாபந்தரில் வேலை பார்க்கும் கணவரிடம் போனில் சொன்னபோது சிரித்தார். "மந்திர லைட்டுக்கு யூனிட் வெச்சு வெளையாடுறாங்க. இதுக்கும் உனக்கு சந்தேகமா? அடுத்து சாமி ரூம் வெளக்கையும் விசாரிப்ப." அந்தச் சிரிப்பு என் காதிலேயே இருந்தது. ஆனாலும் மகன் குளிக்கப் போகும்போது அவன் பையைத் துழாவுவதை நான் நிறுத்தவில்லை.

கச்சால் கப்பல் வரும் ஜெட்டிக்குப் போகச் சொல்லி ஆட்டோவில் ஏறினேன். அபர்டீன் பஜாரில் நெரிசல். டிரைவர் கண்ணாடியில் என்னைப் பார்த்துக்கொண்டே வந்தார். "அழாதீங்க மேடம். கச்சால் ஜஹாஸ் இன்னும் கட்டியிருக்காது. உங்க ஆளு எங்கயும் போயிற மாட்டாரு." என் ஆள் எட்டாவது படிக்கிறான்.

ஜெட்டியில் கப்பல் வந்து நின்றிருந்தது. படிக்கட்டின் கீழே கூட்டத்துக்கு நடுவில் ஒரு வெளிச்சம் உயரத்தில் தெரிந்தது. என் மகன் ஒரு மூட்டைமேல் ஏறி நின்று, எங்கள் வாசல் பல்பின் அடியை விரல்களால் அழுத்திப் பிடித்து எரியவைத்தபடி, தலைக்கு மேலே தூக்கிக் காட்டிக்கொண்டிருந்தான். அந்த வெளிச்சத்தையே பார்த்தபடி ஒல்லியான பையன் ஒருவன் ஒவ்வொரு படியையும் காலால் தடவித் தடவி இறங்கி வந்தான். பின்னால் வந்த அம்மா கையை நீட்டிக்கொண்டே வந்தாள். அவன் அந்தக் கையைப் பிடிக்கவில்லை. கீழே வந்ததும், "மூணு சரியா இருந்துச்சுடா" என்றான். அதே கரகரத்த குரல். மீசை அரும்பும் வயதில் உடைந்திருந்த குரல்.

நான் என் மகனின் சட்டையைப் பிடிப்பதற்குள் அந்த அம்மா அவன் கையைப் பிடித்துவிட்டாள். "நீதானா அது? தெனம் எம்புள்ளகிட்ட எவ்வளவு வெளிச்சம் வேணும், எவ்வளவு தெரியுதுன்னு கேட்ட ஆளு? கண்ணு வைத்தியம்னு சொல்லி ஏமாத்துற எவனோன்னு நான் வயித்துல நெருப்பக் கட்டிக்கிட்டு கப்பலேறி வந்தா, நீ இம்புட்டுக் கட்டையா நிக்குற!"

பொழுது சாய்ந்தால் அவள் மகனுக்குக் கண் தெரியாது. பெரிய ஆஸ்பத்திரியில் காட்ட அழைத்து வந்திருந்தாள். ஊரார் பார்க்க அம்மா கையைப் பிடித்து இறங்க அவனுக்கு வெட்கம். அதற்குத்தான் மூன்று துவி. அந்த நாட்டையே அவன் எதற்காக உண்டாக்கினான் என்பது எனக்கு அங்கே நிற்கும்போதுதான் புரிந்தது. அவன் என் பக்கம் திரும்பி, "யாரோ நிக்கிறாங்க. யாருங்க, பேசுங்க" என்றான். "எங்க அம்மாடா" என்று மகன்தான் சொன்னான்.

சந்தேகப்பட்டதற்காக நான் இன்றும் வெட்கப்படவில்லை. நான் இப்போது அக்கா என்று கூப்பிடும் அவன் அம்மாவும் வெட்கப்படவில்லை. ஆஸ்பத்திரிக்கு வரும்போதெல்லாம் எங்கள் வீட்டில்தான் தங்குவார்கள். நாங்கள் இருவரும் அடுப்படியில் உட்கார்ந்து டாக்டரை, மருந்தை, பிள்ளைகளின் போனை எல்லாவற்றையும் சந்தேகப்படுவோம். கச்சால் ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டும் கை அக்காவுடையது. வெங்காயத்தை என்னைவிடப் பொடியாக அரியும்.

போன வாரமும் வந்தார்கள். ஆட்டோ சத்தம் கேட்டு வாசலுக்குப் போனேன். பல்பு எரிந்துகொண்டிருந்தது. அதன் நேர் கீழே வந்து நின்று, அக்கா மகன் என் முகத்தை நோக்கி, "சித்தி, பல்பு போடலயா?" என்றான்.

என் மகன் மேலே பார்த்தான். நானும் பார்த்தேன். அக்கா மட்டும் பார்க்கவில்லை. பையைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னாள்: "எனக்கு வந்ததுலருந்தே இந்த பல்பு மேலதான் சந்தேகம், தங்கச்சி. நாளைக்கே மாத்திருங்க."