நாலு அங்குலம்

டி-ஷர்ட் தைக்கும் அந்தக் கம்பெனியில் எல்லோருக்கும் அவள் டேப் அக்கா. கட்டிங் மாஸ்டர் அவளைவிடப் பத்து வயது மூத்தவர். அவரும் அக்கா என்றுதான் கூப்பிடுவார். தொழிற்சாலைகளும் கிடங்குகளும் தங்கள் ஆட்களுக்கு மொத்தமாக டி-ஷர்ட் வேண்டுமென்று கேட்கும்போது, நேரில் போய் ஒவ்வொருவரையும் அளந்து, இவருக்கு எம், அவருக்கு எல் என்று பதிவேட்டில் எழுதிக்கொண்டு வருவது அவள் வேலை. இருபத்திரண்டு வருடமாக அதைத்தான் செய்கிறாள்.

புதிதாக வந்த மேனேஜர் ஒருமுறை, "ஆளுக்கு ஒரு ஃபார்ம் குடுத்தா அவங்களே எழுதிடுவாங்களே, எதுக்கு இந்த அலைச்சல்?" என்று கேட்டார்.

"கேட்டா, தான் எந்த சைஸ்ல இருக்கணும்னு ஆசையோ அதைத்தான் சார் எழுதுவாங்க" என்றாள் அவள். மேனேஜர் தன் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார். அவரே எக்ஸ்எல் போட வேண்டியவர், எல்லுக்குள் மூச்சு முட்டிக்கொண்டிருந்தார்.

அளப்பதில் அவளுக்கு நல்ல கை. அக்குளுக்குக் கீழே, மார்பு நன்றாக அகன்றிருக்கும் இடத்தில் டேப்பைச் சுற்றுவாள். முதுகுப் பக்கம் டேப் இறங்கிவிடக் கூடாது. உள்ளே இரண்டு விரல் தாராளமாக நுழைய வேண்டும். டேப்பைக் கண்டதும் ஆண்கள் வயிற்றை உள்ளே இழுத்து நெஞ்சை நிமிர்த்துவார்கள். அவள் ஒன்றும் சொல்லமாட்டாள், "வீடு எங்க, எந்த பஸ்ல வர்றீங்க?" என்று விசாரிப்பாள். பதில் சொல்ல வாயைத் திறந்ததும் மூச்சு வெளியே வந்துவிடும். நிஜமான அளவு அப்போதுதான் கிடைக்கும். பிறகு தோளுக்குத் தோள், கழுத்தடியிலிருந்து இடுப்புவரை உயரம். மேற்பார்வையாளர்களுக்குக் காலர் வைத்த டி-ஷர்ட் என்பதால் கழுத்தளவும் உண்டு.

வேலையில் இத்தனை கெட்டிக்காரி, மற்றபடி பயந்தாங்கொள்ளி. தபால்காரர் கதவைத் தட்டினால் கணவனைத்தான் திறக்க அனுப்புவாள். ஆஸ்பத்திரி இருக்கும் தெருவைத் தவிர்த்துச் சுற்றிக்கொண்டு போவாள். அதற்குக் காரணம் இருந்தது. அவளுக்குப் பத்தொன்பது வயதானபோது அப்பா இளைக்க ஆரம்பித்தார். சட்டை தொளதொளவென்று ஆனதும் அம்மா அதை அவளிடம் கொடுத்து, "ரெண்டு பக்கமும் கொஞ்சம் பிடிச்சுத் தைச்சிடு" என்றாள். தைத்தாள். இரண்டு மாதம் கழித்து அதே சட்டை திரும்பவும் வந்தது. பிறகு மூன்றாம் தடவை. வீட்டில் யாரும் வாய்விட்டு எதுவும் சொல்லவில்லை. சட்டை மட்டும் வந்துகொண்டே இருந்தது. எட்டு மாதத்தில் அப்பா போய்விட்டார். தம்பிக்கு அப்போது பன்னிரண்டு வயது.

அந்தத் தம்பி இப்போது ஒரு குளிர்பதனக் கிடங்கில் ஷிஃப்ட் மேற்பார்வையாளர். கல்யாணமாகி, நகரத்தின் மறுகோடியில் குடியிருந்தான். மாதத்துக்கு ஒருமுறை போனில் பேசுவதோடு சரி. ஆனால் வருடத்துக்கு ஒருதடவை அந்தக் கிடங்குக்கு அளவெடுக்கப் போகும்போது பார்த்துவிடுவாள். வரிசையில் நிற்பவர்களிடம், "எங்க அக்கா, கொஞ்சம் மரியாதையா மூச்சு விடுங்கடா" என்று கிண்டலடித்துக்கொண்டு நிற்பான்.

இந்த வருடம் அவன் வரிசையில் இல்லை. நாற்பத்தேழு பேரை அளந்து முடித்த பிறகு, பெட்டிகள் அடுக்கிய கூடத்தின் கோடியில் அவனைக் கண்டுபிடித்தாள். மற்றவர்கள் எல்லாம் பஞ்சு வைத்த தடிமனான கோட்டுக்குள் புதைந்திருக்க, அவன் கோட்டின் முன்பக்கத்தைத் திறந்துவிட்டுக்கொண்டு நின்றான். நெற்றியில் வேர்வை.

"எனக்குப் போன வருஷ அளவையே போட்டுக்கோ அக்கா. வேலை நெறைய கெடக்கு."

"ரெண்டு நிமிஷம்டா. கையைத் தூக்கு."

"அதான் எல்லுனு தெரியுமே உனக்கு."

"தூக்குடா."

அவன் கோட்டைக் கழற்றினான். டேப்பைச் சுற்றினாள். முப்பத்தெட்டு. பதிவேட்டில் போன வருடம் நாற்பத்திரண்டு. டேப் எங்கோ மடங்கிவிட்டது என்று நினைத்து எடுத்துவிட்டு மறுபடி சுற்றினாள். முப்பத்தெட்டேதான். அவன் மூச்சை உள்ளே இழுத்து நெஞ்சை விரித்துக்கொண்டு வேறு நின்றான், அப்படியும் அவ்வளவுதான். டேப்பின் வழியாக அவன் நெஞ்சு அடித்துக்கொள்வது அவள் விரலில் தெரிந்தது, ஓடிவந்தவனைப் போல.

"டயட்ல இருக்கேன்" என்றான், அவள் கேட்காமலே.

அவள் தலையாட்டினாள். கழுத்து, தோள், உயரம் என்று அளந்து எண்களை எழுதினாள். எம், எல் என்று எழுத வேண்டிய சைஸ் கட்டத்தை மட்டும் காலியாக விட்டாள்.

கம்பெனிக்கு வந்ததும் நேராகக் கட்டிங் அறைக்குப் போனாள். பழைய டேப்புகள் நாள்பட நாள்பட இழுபட்டு நீண்டுபோகும். அப்போது அளவு குறைவாகக் காட்டும். அவளே எத்தனையோ டேப்பை அப்படித் தூக்கி எறிந்திருக்கிறாள். மேசையில் இருந்த இரும்பு ஸ்கேலின் மேல் டேப்பை விரித்து, கையால் நீவிவிட்டு, கோட்டோடு கோடு வைத்துப் பார்த்தாள். அரை அங்குலமாவது பிசகியிருக்கட்டும் என்று மனசுக்குள் கெஞ்சினாள். ஒரு நூலளவுகூடப் பிசகவில்லை. மற்ற நாற்பத்தேழு பேருடைய அளவுகளையும் போன வருடத்தோடு ஒத்துப் பார்த்தாள். ஒருவர் ஓர் அங்குலம் கூடியிருந்தார், ஒருவர் அரை குறைந்திருந்தார், பாக்கிப் பேர் அப்படியே இருந்தார்கள்.

"என்னக்கா, டேப் சரியில்லையா?" என்றார் கட்டிங் மாஸ்டர்.

"சரியாத்தான் இருக்கு" என்றாள். டேப்பைச் சுருட்டி வைத்தாள்.

ஒன்பது நாள் அவள் யாரிடமும் வாய் திறக்கவில்லை. கணவனிடம்கூடச் சொல்லவில்லை. சொன்னால் அது நிஜமாகிவிடும் என்ற பயம். போனைக் கையில் எடுப்பாள், தம்பியின் எண்ணைப் பார்ப்பாள், வைத்துவிடுவாள். சாப்பாடு இறங்கவில்லை. துணி காயவைக்கும்போது கணவனின் சட்டையைக் கையில் பிடித்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்டாள். "என்ன ஆச்சு உனக்கு?" என்று அவர் இரண்டு தடவை கேட்டார். "தலைவலி" என்றாள், இரண்டு தடவையும்.

பத்தாம் நாள் கட்டிங் மாஸ்டர் பதிவேட்டைத் தூக்கிக்கொண்டு வந்தார். "கிடங்கு ஆர்டர் வெட்டப் போறேன். ஒரு பேருக்கு மட்டும் சைஸ் போடலையே. என்ன போட?"

எம் என்று எழுத வேண்டும். பேனாவை எடுத்தாள், கை போகவில்லை. எம் என்று எழுதுவது அப்பாவின் சட்டையை இன்னொரு தடவை பிடித்துத் தைப்பது போல இருந்தது. "எல் போடுங்க" என்றாள். வேலையில் சேர்ந்த நாளிலிருந்து அவள் தெரிந்தே போட்ட முதல் தப்பான அளவு அது.

மாஸ்டர் கண்ணாடியை இறக்கிவிட்டுக்கொண்டு அந்த வரியைப் படித்தார். "மார்பு முப்பத்தெட்டுக்கு எல்லா? அது இருக்கட்டும், கழுத்து பதினாறரைனு போட்டிருக்கீங்க. முப்பத்தெட்டு மார்புக்குப் பதினாறரைக் கழுத்தா? எங்கேயோ இடிக்குதே."

அவள் பதிவேட்டை வாங்கிப் பார்த்தாள். போன வருடம் கழுத்து பதினைந்தரை. மார்பைக் கண்ட பதற்றத்தில் கழுத்தை அவள் ஒத்துப் பார்க்கவேயில்லை. மார்பில் நாலு அங்குலம் குறைந்த மனுஷனுக்குக் கழுத்தில் ஓர் அங்குலம் கூடியிருக்கிறது. இத்தனை வருடத்தில் எத்தனையோ ஆயிரம் பேரை அளந்திருக்கிறாள். இளைத்தால் எல்லாமே இளைக்கும், பெருத்தால் எல்லாமே பெருக்கும். ஆள் கரையக் கரையக் கழுத்து மட்டும் வளர்ந்ததை அவள் ஒருநாளும் கண்டதில்லை. அந்தக் கழுத்துக்குள் என்ன வளர்கிறது? பதிவேட்டை மூடிக் கைப்பையில் வைத்துக்கொண்டு, மேனேஜரிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு, பஸ் ஏறினாள்.

தம்பியின் மனைவிதான் கதவைத் திறந்தாள். வந்தவளின் முகத்தைப் பார்த்ததும் அவள் கண் கலங்கிவிட்டது.

"நீங்களும் கவனிச்சிட்டீங்களா அண்ணி?"

"எத்தனை நாளா?"

"ஆறு மாசம் இருக்கும். சாப்பாட்டுல கொறையே இல்ல. ரெண்டு ஆள் சாப்பாடு சாப்பிடுறாரு. எல்லாம் எங்க போகுதுன்னே தெரியல. ஃபேனைக் கொறைச்சா சண்டைக்கு வர்றாரு. டாக்டர்கிட்ட போலாம்னு சொன்னா தட்டைத் தள்ளிட்டு எந்திரிச்சுப் போயிடுறாரு."

உள்ளே தம்பி கட்டில் விளிம்பில் உட்கார்ந்திருந்தான். அன்று அவனுக்கு வார விடுமுறை. பெல்ட்டில் ஆணியால் குத்திய புது ஓட்டைகள் மூன்று. அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள். வரும் வழியெல்லாம் யோசித்து வைத்திருந்த பேச்சு ஒன்றுகூட நினைவுக்கு வரவில்லை.

"எனக்குப் பயமா இருக்குடா" என்றாள் கடைசியில்.

அவன் தரையையே பார்த்துக்கொண்டிருந்தான். "எனக்கு மட்டும் இல்லையா அக்கா. குளிக்கும்போது கண்ணாடியில அப்பா நிக்கிறாரு."

"வா, போய்க் காட்டிட்டு வந்துடலாம்."

"போனா ஒரு பேரு வச்சுடுவாங்க. பேரு வச்சுட்டா முடிஞ்சுது. இப்போ வெறும் இளைப்புதான்."

"அப்பாவுக்கு யாரும் பேரே வைக்கலடா. நான் சட்டையைத்தான் பிடிச்சுப் பிடிச்சுத் தைச்சேன். இன்னொரு தடவை என்னால தைக்க முடியாது."

அவன் பெல்ட்டின் புது ஓட்டைகளை விரலால் தடவினான். பிறகு எழுந்து, கொடியில் கிடந்த சட்டையை எடுத்து மாட்டிக்கொண்டான். பொத்தான் போட விரல்கள் ஒத்துழைக்கவில்லை. அவன் மனைவி போட்டுவிட்டாள்.

ஆஸ்பத்திரியில் இருந்தது நடுத்தர வயது டாக்டரம்மா ஒருவர். டேப் அக்கா கைப்பையை மடியில் வைத்துத் திறந்தாள். பதிவேட்டைத் திறந்து மேசையில் வைத்தாள். போன வருடத்து வரி, இந்த வருடத்து வரி. டாக்டரம்மா இரண்டின் மேலும் விரலை வைத்துப் பார்த்தார்.

"இதை யார் அளந்தது?"

"நான்தாங்க. டேப் சரியா இருக்குங்க, ஸ்கேல்ல வச்சுப் பார்த்துட்டேன்."

டாக்டரம்மா அவனைத் தண்ணீர் குடிக்கச் சொல்லி, விழுங்கும்போது கழுத்தையே கவனித்தார். இரண்டு கையையும் நீட்டச் சொல்லி விரல்களின் மேல் ஒரு தாளை வைத்தார். தாள் படபடவென்று ஆடியது. "குளிர்ல வேலை பார்க்கறப்பவும் வேர்க்குதா?" என்று கேட்டார். ஆமென்றான். நாடி பிடித்துவிட்டு, ரத்தப் பரிசோதனைக்கும் கழுத்து ஸ்கேனுக்கும் எழுதிக் கொடுத்தார். என்னவாக இருக்கும் என்று அவர்கள் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. "முடிவு வரட்டும்" என்றார்.

முடிவு வர மூன்று நாளானது. அந்த மூன்று நாளும் அவள் வேலைக்குப் போய் அளந்தாள். யார் மார்பில் டேப்பைச் சுற்றினாலும் முப்பத்தெட்டு என்று இருந்துவிடுமோ என்று எண்ணைப் பார்க்கவே பயந்தாள். ஒரு லாரி டிரைவர் வழக்கம்போல நெஞ்சை நிமிர்த்தி நின்றார். வீடு எங்கே என்று கேட்க அவளுக்கு மறந்தே போனது.

மூன்றாம் நாள் மூவரும் மறுபடி டாக்டரம்மா முன்னால் உட்கார்ந்தார்கள்.

"தைராய்டு" என்றார் அவர். "கழுத்துல இருக்கிற சுரப்பி அளவுக்கு மீறி வேலை செய்யுது. அதான் எவ்வளவு சாப்பிட்டாலும் உடம்பு எரிச்சுத் தள்ளிடுது. ஸ்கேன்ல பயப்படற மாதிரி ஒண்ணும் இல்ல. மாத்திரை இருக்கு. ரொம்ப நாள் விடாம சாப்பிடணும், அப்பப்போ ரத்தம் பார்க்கணும். இன்னும் தள்ளிப்போட்டிருந்தா இதயத்துக்கு ஆபத்து."

தம்பியின் மனைவி முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். தம்பி மாத்திரைச் சீட்டையே திருப்பித் திருப்பிப் பார்த்தான். டேப் அக்காவுக்கு மட்டும் நிம்மதி வந்து சேரவில்லை. வேறொரு கேள்வி பாக்கி இருந்தது.

"எங்க அப்பாவும் இதே மாதிரிதாங்க இளைச்சாரு. அவருக்கும் இதுதானா?"

டாக்டரம்மா சற்று யோசித்தார். "இருக்கலாம்மா, இல்லாமலும் இருக்கலாம். இப்போ யாராலயும் சொல்ல முடியாது." பிறகு, "ஆனா இது குடும்பத்துல வரக்கூடியது. நீங்களும் ஒரு தடவை ரத்தம் குடுத்துப் பார்த்துடுங்க" என்றார்.

இத்தனை நாள் தம்பிக்காகப் பயந்துகொண்டிருந்தவளுக்கு அந்த இடத்திலேயே தனக்காக வியர்த்தது. எழுந்து வாசலைப் பார்த்தாள். தம்பி அவள் முழங்கையைப் பிடித்துக்கொண்டான்.

"கையை நீட்டு அக்கா. ரெண்டு நிமிஷம்."

நீட்டினாள். ஊசி ஏறும்போது அவன், "வீடு எங்கம்மா, எந்த பஸ்ல வர்றீங்க?" என்று கேட்டான். அவளுக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது.

அவளுக்கு ஒன்றுமில்லை என்றுதான் முடிவு வந்தது. தம்பிக்கு நடுக்கம் நிற்க ஒரு மாதம் பிடித்தது. சதை பிடிக்க அதைவிட நாளானது. அதுவரை அந்த எல் அவன் தோளிலிருந்து சரிந்து தொங்கியது. ஆட்கள் கேட்டால், "எங்க அக்கா முன்கூட்டியே யோசிச்சுப் போட்டது" என்று சொல்லிக்கொண்டு திரிந்தான்.

பயம் அவளை விட்டுப் போகவில்லை. அப்பாவைப் பற்றிய கேள்விக்கு விடை இல்லாததால், அது சமயம் பார்த்து எழும்பும். சென்ற மாதம் ஓர் அச்சகத்தில் அளக்கப் போனவள், மெஷின்காரர் ஒருவருக்கு மூன்று அங்குலம் குறைந்திருப்பதைக் கண்டு டேப்பை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றுவிட்டாள். கழுத்தளவு தேவையே இல்லை, அதையும் எடுத்தாள். சாப்பிடுகிறீர்களா, தூங்குகிறீர்களா, கை நடுங்குகிறதா என்று ஒவ்வொன்றாக விசாரித்தாள்.

மெஷின்காரர் மிரண்டுபோனார். "ஏம்மா, டி-ஷர்ட்டுக்கு இதெல்லாமா கேப்பாங்க? நான் காலையில ஓடுறேன்மா. நாலு மாசமா ஓடுறேன். என் சம்சாரம் துரத்தி விடுது."

பின்னால் நின்றவர்கள் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள். இருந்தாலும் எம் என்று எழுதுவதற்கு முன்னால், எங்கே ஓடுகிறார், தினமும் எவ்வளவு தூரம் என்று கேட்டுத் தெரிந்துகொண்டுதான் எழுதினாள்.