மழைக்காரரின் துக்கம்

மலை உச்சியில் மழையளவு எடுக்கும் வேலை அவருக்கு. கீழே எல்லோரும் மழைக்காரர் என்பார்கள். தகரக்கூரை போட்ட ஒற்றை அறை, ஒரு கட்டில், கூரைமேல் சோலார் தகடு. செல்போன் சிக்னல் எட்டாத இடம். இருந்தது உள்ளங்கையளவு சாட்டிலைட் கருவி. அதில் குரலும் போகாது, படமும் போகாது. நாலு வார்த்தை போகும். மழை, காற்று, வெப்பம் என்று ஆபீசுக்குப் போனதுபோக மிச்சம்தான் வீட்டுக்கு. தமிழ் எழுத்து இடத்தை அடைக்கிறது என்று மனைவி ஆங்கில எழுத்தில் தமிழைத் தட்டுவாள், அதையும் கத்தரித்து. "புருஷன்கிட்ட பேசுறேனா, தந்தி அடிக்கிறேனா?" என்று அவர் லீவில் வரும்போதெல்லாம் அலுத்துக்கொள்வாள்.

அடைமழை பிடித்த ஒரு காலையில் அவளிடமிருந்து வந்தது: "அம்மா போயிட்டாங்க."

அப்படியே கட்டிலில் உட்கார்ந்துவிட்டார். போன லீவிலேயே அம்மாவுக்கு மூச்சு வாங்கியது. பதில் எழுதலாமென்றால் பேட்டரி சிவப்பில் நின்றது. வெயில் முகம் காட்டினால்தான் ஏறும். இருந்த கொஞ்சமும் ஆபீசுக்கு வேண்டும். அணையைத் திறப்பதா வேண்டாமா என்று கீழே அவர் அனுப்பும் அளவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இறங்கிப் போகவும் வழியில்லை, பாதை மண்சரிவில் போய்விட்டது.

மழை விடவில்லை. குடை நிற்காத காற்றில் தினமும் நனைந்துபோய் அளவு எடுத்தார், அனுப்பினார். துக்கம் விசாரிக்க ஒருவர் இல்லை. அடுப்பில் வைத்தது தீய்ந்ததுகூடத் தெரியவில்லை. ஒருமுறை "அம்மா" என்று வாய்விட்டுக் கூப்பிட்டார். தகர இரைச்சலில் அவர் குரல் அவருக்கே கேட்கவில்லை. அதற்கப்புறம் கூச்சமில்லாமல் அழுதார்.

வெயில் எட்டிப் பார்த்த அன்று முதல் வேலையாக எழுதினார்: "எடுத்தாச்சா?"

"எதை?"

"அம்மாவை."

பதில் வந்தது: "ஐயோ! உங்க அண்ணன் வீட்டுக்குப் போயிட்டாங்க. என்கூட சண்டை."

சிரிப்பு வந்தது. சிரித்து ஓய்ந்ததும் அன்றைய அளவை எடுக்கப் போனார்.

பாதை சரியானதும் நேரே அண்ணன் வீட்டுக்குப் போனார்.

"உன் பொண்டாட்டி என்னை ஒரேயடியா அனுப்பிவச்சுட்டாளாமே!" என்றாள் அம்மா. பிறகுதான் அவர் முகத்தைப் பார்த்தாள். "நிஜமாவே அழுதியாடா?"

"ம்."

"பக்கத்துல யாரு இருந்தா?"

அம்மா கட்டிலில் நகர்ந்து இடம் விட்டாள்.

"வீட்டுக்கு வாம்மா," என்று கிளம்பும்போது கூப்பிட்டார். "அவ வந்து கூப்பிடட்டும்," என்றுவிட்டாள். லீவு முடிந்து அவர் மலையேறிய அன்றும் அம்மா அண்ணன் வீட்டில்தான் இருந்தாள்.