மூக்கில் விழுந்த சொட்டு மருந்து

என் அப்பாவுக்குக் கண் மங்கிவிட்டது என்பதை முதலில் கண்டுபிடித்தது என் மூக்குதான்.

லேசர் சிகிச்சை முடிந்து, பள்ளிக்கூடக் காலத்திலிருந்து எனக்குச் 'சோடாபுட்டி' என்ற பெயரை வாங்கித் தந்த கண்ணாடியைத் தலைமுழுகிவிட்டு, கறுப்புக் கண்ணாடியோடு வீட்டுக் கட்டிலில் படுத்திருந்தேன். அம்மா, அக்காவின் பேறுகாலத்துக்காகப் பெரியகுளத்தில் இருந்தாள். ஆபரேஷனுக்குக் கூட வந்த அலுவலகத் தோழி, மறுநாள் பரிசோதனையும் முடிந்த பிறகு என்னைத் தேனியிலிருந்து ஊருக்குக் கொண்டுவந்து இறக்கிவிட்டாள். மூன்று மருந்துப் புட்டிகளை அப்பாவின் கையில் கொடுத்து, வேளை தவறாமல் விடச் சொல்லிவிட்டுப் போனாள். அப்பா கையைக் கழுவி வேட்டியில் துடைத்தார். நான் போட்ட கூச்சலில் மறுபடி கழுவி, காற்றில் உலர்த்திக்கொண்டு, என் தலைமாட்டில் வந்து நின்றார்.

"கண்ண நல்லா முழி ஆத்தா."

முழித்தேன். முதல் சொட்டு மூக்கு நுனியில் விழுந்தது. அடுத்தது உதட்டில். கசந்தது. இந்தத் தடவை விடுவதில்லை என்று அப்பா இன்னும் குனிந்தார். மீசை என் நெற்றியில் உரச, அந்தச் சொட்டு நேராகக் காதுக்குள் போனது.

"நீ தலைய ஆட்டுற" என்றார்.

"நான் ஆட்டலப்பா. நீங்கதான் எங்கிட்டோ பாத்து விடுறீக."

"சுண்டுவிரல் தண்டி புட்டியில மருந்தக் குடுத்தா எவன் விடுவான்? தோட்டத்துக்கு வாங்குற மருந்து மாதிரி கேன்ல குடுக்க வேண்டியதுதான?"

அதற்குப் பிறகு நானே விட்டுக்கொண்டேன். ஆனால் வெள்ளை மூடியைக் கேட்டால் ரோஸ் மூடியை நீட்டுவார். ரோஸைக் கேட்டால் மேசையைத் தடவி, தண்ணீர்ச் சொம்பைத் தள்ளிவிடுவார். மனிதர் கண் தெரியாமல்தான் வீட்டுக்குள் நடமாடுகிறார் என்பது ஒரே நாளில் விளங்கிவிட்டது. வீட்டுக்குள் என்றால் சொம்போடு போகும். எங்கள் ஊர் சின்னமனூரைத் தாண்டி மெயின் ரோட்டை ஒட்டி இருக்கிறது. வீடு ரோட்டுக்கு இந்தப் பக்கம், திராட்சைத் தோட்டம் அந்தப் பக்கம். குமுளி பஸ்கள் எமனுக்கு வழிகாட்டிக்கொண்டு பறக்கிற ரோடு. அதைத்தான் அப்பா காலையும் மாலையும் பைக்கில் குறுக்கே கடந்துகொண்டிருந்தார். என் கண்ணைப் பற்றிய கவலை அன்றோடு போயே போய்விட்டது.

சொன்னால் கேட்கிற ஆளா அவர்? "எனக்கென்ன, கழுகுக் கண்ணு" என்றார், என் படுக்கைக்கு அடியில் செருப்பைத் தேடிக்கொண்டே.

இதற்கிடையில் ஊர் என்னைப் பார்க்க வந்தது. எங்கள் பக்கம் ஒருவர் படுத்துவிட்டால் ரொட்டிப் பொட்டலமும் சாத்துக்குடியுமாக வந்து பார்க்காவிட்டால் பின்னால் பெரிய பேச்சாகிவிடும். வந்தவர்கள் உட்காருவதற்கு முன்னாலேயே என் மூஞ்சிக்கு நேராக இரண்டு விரலை ஆட்டி, "இது எத்தன, சொல்லு?" என்று கேட்டார்கள். ஒருவர் பாக்கியில்லை. எல்லோரும் காட்டியதும் அதே இரண்டு விரல்தான். சரியாகச் சொன்னால் மருத்துவத்தையே தாங்கள் கண்டுபிடித்த மாதிரி தலையாட்டினார்கள். குமுளியில் கடை வைத்திருக்கும் மாமா, மலையாள வைத்தியரிடம் வாங்கிய இளநீர்க் குழம்பு என்ற கண் மருந்தைக் கொண்டுவந்தார். மிளகாயை அரைத்து விட்டதுபோல எரியுமாம், எரிந்தால்தான் பலனாம். அப்பாவின் அக்கா, என் அத்தை, அவரையும் மிஞ்சிவிட்டாள். பக்கத்துத் தெருவில் பிள்ளை பெற்றவளிடம் தாய்ப்பாலைக் கேட்டு வாங்கி, பாலாடையில் ஏந்திக்கொண்டு வந்து நின்றாள்.

"ரெண்டு சொட்டு விட்டா சூடு எறங்கிரும்டீ. கண்ணு குளுந்துரும்."

"அந்தப் பிள்ளை பசியில கத்தப்போகுது, கொண்டுபோய் குடுத்துட்டு வாங்க அத்தை."

அத்தை கோபித்துக்கொண்டாள், ஆனால் போகவில்லை. ஆபரேஷன் கதை கேட்காமல் யாரும் போவதில்லை. நானும் சும்மா விடுவதில்லை. பட்டப்பகலில் தூக்கமும் வராமல் செல்போனும் பார்க்கக் கூடாமல் கிடக்கிறவளுக்கு வேறு என்ன பொழுதுபோக்கு? இமையைக் கிடுக்கி போட்டு நிறுத்தினார்கள், கண்ணை முழிக்கவைத்தே கத்தி வைத்தார்கள், முடி கருகுகிற வாடை வந்தது, ஒரு நிமிடம் உலகமே இருட்டிவிட்டது என்று ஒவ்வொருவருக்கும் கொஞ்சம் கூட்டிக்கூட்டிச் சொன்னேன். அத்தைக்குச் சொன்னபோது மருத்துவமனையில் நான் ஏறக்குறைய செத்தே பிழைத்திருந்தேன். அப்பா வாசற்படியில் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார்.

கதை முடிந்ததும் அத்தை தன் தம்பியைப் பற்றிப் புகார் சொன்னாள். தோட்டத்தில் பழம் கறுத்துக்கொண்டு வருகிறது. பன்னீர் திராட்சை பச்சையிலிருந்து சிவந்து, கறுத்து, மேலே சாம்பல் பூத்தால் வெட்டலாம். பந்தலுக்குக் கீழே நின்று அண்ணாந்து பார்த்தாலே எங்கள் ஊரில் யாரும் சொல்லிவிடுவார்கள்.

"இவன் என்னடான்னா குலைக்குக் குலை ஒரு பழத்தப் பிச்சு வாயில போட்டுப் பாக்குறான். மருந்தடிச்ச பழம்னு கூட யோசன இல்ல. இந்த வயசுல அப்பிடி என்ன நாக்கு?"

எனக்குச் சுரீரென்றது. அப்பாவுக்குச் சில மாதங்களாகவே வயிறு சரியில்லை என்று அம்மா ஓமத் தண்ணீரும் மோருமாகக் கொடுத்துக்கொண்டிருந்தாள். வயிற்றுக்கு வைத்தியம் பார்த்த வீட்டில் ஒருத்தரும் கண்ணைப் பார்க்கவில்லை. நிறம் தெரியாத மனிதர், நாக்கை வைத்து ஒரு தோட்டத்தையே நடத்திக்கொண்டிருந்திருக்கிறார். கோபமும் அழுகையும் சேர்ந்து வந்தன. அழக்கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்ததால் கோபத்தை மட்டும் வைத்துக்கொண்டேன்.

அத்தை போனதும் அப்பாவை வாசற்படியிலேயே நிறுத்தி, கையை உயர்த்தினேன்.

"இது எத்தன விரல், சொல்லுங்க."

"வேலையப் பாரு கழுத."

"சொல்லுங்கப்பா."

கொஞ்ச நேரம் என் பக்கம் பார்த்தார். "ரெண்டு" என்றார்.

நான் முஷ்டியை மூடித்தான் வைத்திருந்தேன். ஊரே இரண்டு விரலைக் காட்டியதால் குத்துமதிப்பாக அடித்துவிட்டார். மூடின கை என்று சொன்னதும் முகம் சுண்டிப்போனது.

"சரி, வெட்டு முடியட்டும், பாப்போம்" என்றார்.

எங்கள் பள்ளத்தாக்கில் இதைவிடப் பெரிய ஏமாற்று கிடையாது. ஒரு வெட்டு முடிந்தால் கொடியைக் கழிக்கிற கவாத்து, கவாத்து முடிந்தால் பூ, பிஞ்சு, திரும்பவும் வெட்டு. அந்தச் சக்கரம் எப்போதும் நிற்பதில்லை. வீட்டுக்கு வெள்ளையடிப்பது முதல் என் கல்யாணம் வரைக்கும் வெட்டு முடியட்டும் என்றே தள்ளிக்கொண்டு வந்தவர் அவர். என் கல்யாணத்தை அவர் தள்ளியதில் எனக்கு ஆட்சேபணை இல்லை. இதை அப்படி விட முடியாது.

அடுத்த பரிசோதனைக்குத் தேனி போக வேண்டிய நாள் வந்தது. பஸ்ஸில் போவோம் என்றேன். வீம்புக்கு பைக்கை எடுத்தார். தெருமுனையில் படுத்திருந்த எருமை கடைசி நொடியில் தானாக எழுந்து நகர்ந்ததால் தப்பித்தோம். நான் இறங்கி, சாவியைப் பிடுங்கிக்கொண்டேன். வண்டி ஓட்டலாமா என்று டாக்டரிடம் கேட்டிருக்கவில்லை. ஆனால் இருவரில் கண் தெரிந்த ஆள் நான்தான்.

பின்னால் உட்கார்ந்துகொண்டு வழி முழுக்க உத்தரவு போட்டார். "இங்கன வேகத்தட இருக்கு, மெதுவாப் போ." இருந்தது. "அங்கன பள்ளம் கெடக்கும்." கிடந்தது. ரோடு மொத்தமும் மனப்பாடம். அந்தத் தைரியத்தில்தான் இத்தனை நாள் ஓட்டியிருக்கிறார். தேனி நெருங்கும்போது, "வலதுல ஒடி, குறுக்க போயிரலாம்" என்றார்.

அந்த இடத்தில் இடுப்பளவுக்குப் புதிதாகச் சிமெண்டுத் தடுப்பு கட்டியிருந்தார்கள். நான் வண்டியை ஓரமாக நிறுத்தினேன்.

"இங்கன திரும்ப முடியாதுப்பா. நடுவுல சுவரு மாதிரி கட்டிவச்சிருக்காக. தெரியுதா?"

மீதித் தூரம் முழுக்க உத்தரவு எதுவும் வரவில்லை.

என் கண்ணுக்கு ஒரு குறையும் இல்லை என்றார் டாக்டர். அப்பாவையும் காட்டலாம் என்று வெளியே வந்து பார்த்தால் நாற்காலி காலி. எதிர்த்த டீக்கடையில் ஆறிப்போன டீயை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

"வாங்க, ஒங்களப் பாத்துருவோம்."

"ஏத்தா, கண்ண முழிக்கவச்சேதான அறுப்பாக?" என்றார், டம்ளரைப் பார்த்தபடி. "கருகுற வாடை வரும்னியே. ஒலகமே இருட்டிப்போகும்னியே."

பாம்பைக் கையால் பிடித்து வேலிக்கு அந்தப் பக்கம் போடுகிற மனிதர். அவர் குரல் அப்படி இறங்கி நான் கேட்டதே இல்லை. கூட்டிக்கூட்டிச் சொன்ன என் வாயை எதால் அடிப்பது என்று தெரியவில்லை.

"அம்புட்டும் பொய்யிப்பா. வலிக்கவே இல்ல. கத்தியெல்லாம் கெடையாது, வெளிச்சந்தான். முடிஞ்சதே தெரியாம நான் பயந்து கத்தி, நர்சு கைய நகத்தால கீறிவச்சு, டாக்டருகிட்ட திட்டு வாங்குனேன். ஒங்களுக்குப் பண்ணப்போறது அதுகூட இல்ல, வேற. டாக்டருகிட்டயே கேளுங்க."

"நெசமாவா? திட்டுனாகளா?"

"சின்னப்புள்ளயான்னு கேட்டாக."

அப்பாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. டீ மீசையில் தெறிக்கச் சிரித்தார். சிரித்த வேகத்திலேயே இழுத்துக்கொண்டு போய் உள்ளே உட்காரவைத்துவிட்டேன். இரண்டு கண்ணிலும் புரை முற்றியிருந்தது. இந்தக் கண்ணோடு எப்படி வண்டி ஓட்டினீர்கள் என்று டாக்டர் கேட்டார். "பழக்கந்தான் சார்" என்றார் அப்பா. பிறகு, ஆபரேஷன் செய்யும்போது உங்கள் கை நடுங்குமா, கண்ணை இமைத்துவிட்டால் என்ன ஆகும், நடுவில் கரண்ட் போனால் என்ன செய்வீர்கள் என்று வரிசையாகக் கேட்டார். டாக்டர் பொறுமையாகப் பதில் சொன்னார். அடுத்த வாரமே ஒரு கண்ணுக்கு நாள் குறித்தார்கள்.

திரும்பும்போது நான் சொல்லாமலே பின்னால் ஏறிக்கொண்டார். தேனியைத் தாண்டியதும் மேற்கிலிருந்து காற்று ஆளைத் தள்ளியது. என் தோளைப் பிடித்துக்கொண்டார். அவர் என்னைப் பிடித்துக்கொண்டு போன முதல் பயணம் அது.

"ஒங்க அம்மாட்ட நீ சொல்லிராத" என்றார் காதருகில். "நானே சொல்றேன்."

"என்னன்னு சொல்லுவீக? எதுக்கு இத்தன நாளு மறச்சீகன்னு கேப்பாகளே."

வேகத்தடையில் வண்டியை மெதுவாக்கினேன்.

"பயமா இருந்துச்சுன்னு சொல்றேன்" என்றார். "வேற என்னத்தச் சொல்ல."