அத்தான் அடித்து எழுதிய வரி

என் அத்தான் ஒரு மாலைப் பத்திரிகையின் நீதிமன்ற நிருபர். "மழை வரப்போகுது அத்தான், குடை எடுத்துக்கங்க" என்றால்கூட, "யார் சொன்னது?" என்று கேட்கிற ரகம். தீர்ப்பு வராமல் யாரையும் கொலைகாரன் என்று எழுத மாட்டார். வந்த பிறகும் 'மிருகம்', 'அரக்கன்' எல்லாம் அவர் பேனாவில் வராது. "செஞ்சதை அப்படியே எழுதினாலே படிக்கிறவனுக்குத் தூக்கம் போயிடும். மேல நாம வேற மசாலா தூவணுமா?" என்பார்.

இப்பேர்ப்பட்ட மனிதரையும் பொறாமை ஒருநாள் கவிழ்த்தது.

மூன்று கொலைகளுக்காக ஒரு லாரி டிரைவருக்கு விதித்த ஆயுள் தண்டனை மேல்கோர்ட்டிலும் உறுதியானது. டிரைவரின் கதையை முழுப் பக்கத்துக்கு எழுதும் வேலை அத்தானிடம் வந்தது. அந்த டிரைவர் முன்பு இருந்த பார்சல் ஆபீஸில்தான் கல்யாணத்துக்கு முன் என் அக்கா பில் போட்டாள். அவளைக் கட்டிக்கொள்ள டிரைவர் கேட்டதும் அவள் மறுத்ததும் வீட்டில் எல்லோருக்கும் தெரியும். டிரைவர் கேட்டது மட்டும்தான் அத்தான் காதில் தங்கியிருந்தது.

எழுதி முடித்த தாளை அக்கா எடுத்துப் படித்தாள்.

"'உடன் வேலை செய்த பெண்களை மயக்கியவன்.' இது யாருங்க சொன்னது?"

"ஊரே சொல்லுது."

"கோர்ட்டு சொல்லிச்சா? போலீஸ் சொல்லிச்சா?"

"உனக்கு எதுக்கு இப்படிப் பொத்துக்கிட்டு வருது?"

"அந்த ஆபீஸ்ல இருந்த ஒரே பொண்ணு நான்தான். நான் மயங்கினேன்னு ஊர் பூரா அச்சடிச்சு விக்கப்போறீங்க."

அத்தான் முகம் கறுத்தது. பக்கம் எங்கே என்று பத்திரிகை ஆசிரியர் போனில் கத்திக்கொண்டிருந்தார். அவருக்கு ஏதோ சொல்லி வைத்துவிட்டு அத்தான் கேட்டார்: "சரி, உங்கிட்ட எப்படித்தான் நடந்துக்கிட்டான்?"

"மரியாதையா. முடியாதுன்னேன். அதோட விட்டாரு."

"விட்டாரா! 'ரு' வேற போடுறியா?"

"கேட்டீங்க, சொன்னேன். இப்ப எழுதுங்க."

மயக்கிய வரியை அத்தான் அடித்தார். அதோடு நிறுத்தியிருக்கலாம், யாரும் கேட்கப்போவதில்லை. ஆனால் நேரில் கண்டவர் சொன்னதை மறைத்து அவருக்குப் பழக்கமில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு ஓரத்தில் எழுதினார்: 'தன்னிடம் மரியாதையாக நடந்துகொண்டதாக, முன்பு உடன் பணிபுரிந்த பெண் ஒருவர் கூறினார்.' தாள் கிழியாதது ஆச்சரியம்.

செருப்பை மாட்டியவர் வாசலில் நின்றார். "அவன் இன்னொரு தடவை கேட்டிருந்தா?"

அக்கா அவருடைய சட்டைக் காலரைச் சரிசெய்தாள். "ஆசிரியர் காத்துக்கிட்டு இருக்காரு. கிளம்புங்க."

பாதித் தெரு போனவர் நின்று ஒருமுறை திரும்பிப் பார்த்தார். அக்கா கதவைச் சாத்தாமல் அங்கேயேதான் நின்றுகொண்டிருந்தாள்.