ரிப்பன் தைத்து முடித்ததும் எழுந்து நின்றாள்

இன்று எங்கள் வேலூர் ஆஸ்பத்திரியில் நடந்ததைச் சொன்னால் நம்புவீர்களா?

கணுக்கால் ஒடிந்து எங்கள் வார்டில் கிடந்த வெள்ளைக்கார பாலே நடனக்காரிக்குப் போன வாரம்தான் மாவுக்கட்டு பிரித்தோம். காலையில் பெட்டியிலிருந்து புதுப் பட்டு ஷூக்களை எடுத்து, ரிப்பனும் எலாஸ்டிக்கும் தைக்க உட்கார்ந்துவிட்டாள். நர்ஸான நான் நூல் கோத்துக் கொடுத்தேன்.

"மறுபடி ஒடிஞ்சிட்டா இன்னா பண்ணுவாங்களாம்?" என்றாள் ஆயம்மா ரோசம்மா. நான் இங்கிலீஷில் கேட்டேன்.

"ஒடியுமா என்று தெரிந்துகொள்ளத்தான் தைக்கிறேன்" என்றாள் நடனக்காரி.

ஷூக்களை மாட்டி, ரிப்பனைக் கணுக்காலில் சுற்றிக் கட்டினாள். கட்டிலைப் பிடித்தபடி கால்விரல் நுனியில் எழும்பினாள். பிறகு கையையும் விட்டாள். முனகிக்கொண்டிருந்தவர்களும் தலையைத் தூக்கிப் பார்த்தார்கள். அவள் கன்னத்தில் கண்ணீர் வழிந்தது, கால் நடுங்கவில்லை.

"யேசுவே! வெரல் நுனியிலயா இம்மாம் ஒடம்பு நிக்குது?" என்றாள் ரோசம்மா.

மத்தியானம் துணி அறைக் கதவைச் சாத்திக்கொண்டு நானும் முயன்றேன். அலமாரியைப் பிடித்தும் முடியவில்லை. உங்களில் யாருக்காவது வருகிறதா?